அறுபத்தொன்றாம் நம்பர் மாமா

ஒரு ஊரில் யார் பெரியவர், யார் சின்னவர் என்று தெரிந்துகொள்ள ஆராய்ச்சியெல்லாம் தேவையில்லை. கல்யாணப் பத்திரிகையைத் தப்பான வரிசையில் கொடுத்துப் பார்த்தால் போதும். சாயங்காலத்துக்குள் முழு விவரமும் வீட்டு வாசலுக்கே வந்துவிடும். நான் கொடுத்துப் பார்த்தவன். அதுவும் சொந்த அக்காவின் கல்யாணத்துக்கு.

அப்போது எனக்கு இருபத்து மூன்று வயது. செய்யாறு தொழிற்பேட்டையில் ஒரு ஷூ கம்பெனியில் 'ஜூனியர் எக்ஸிகியூட்டிவ், டிரான்ஸ்போர்ட் ரூட் பிளானிங்' என்று உத்தியோகம். (பதவியின் பெயர் நீளமாக இருந்தால் சம்பளம் குட்டையாக இருக்கும் என்பது அப்போது எனக்குத் தெரியாது.) கம்பெனி பஸ் எந்த வழியாகப் போக வேண்டும், எந்த இடத்தில் யாரை ஏற்ற வேண்டும், எப்படிப் போனால் டீசல் மிச்சம் என்று கம்ப்யூட்டரில் வரைந்து கொடுப்பது என் வேலை. தெள்ளார் பஸ்ஸை வேறு சந்தில் திருப்பிவிட்டுப் பதினொரு கிலோமீட்டர் குறைத்ததற்காக மேனேஜர் ஒருமுறை "குட்" என்றார். அந்த ஒரு 'குட்'டை வைத்துக்கொண்டு ஆறு மாதம் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிந்தேன்.

ஆரணியில் எங்கள் வீட்டில் அப்பா, அம்மா, அக்கா கவிதா, நான். ஏகாம்பரம் முதலாளியிடம் பட்டும் ஜரிகையும் வாங்கிவந்து, வீட்டில் இரண்டு தறி போட்டு நெய்து கொடுப்பவர் அப்பா. அம்மாவின் அண்ணன் சபாபதி மாமா, ஊரின் மறுகோடியில் புதுக்காமூரில் இருந்தார். அவரும் நெசவாளிதான், ஆனால் கை ராசிக்காரர். "என் தங்கச்சி பொண்ணுக்குக் கடைப் பொடவையா?" என்று சொல்லி, அக்காவின் முகூர்த்தப் புடவையைத் தன் தறியிலேயே போட்டிருந்தார். அரக்கு நிறத்தில் புடவையின் உடல் நெய்து முடிந்துவிட்டது. ஜரிகை முந்தானை மட்டும்தான் பாக்கி.

கல்யாணத்துக்குப் பதினாறு நாள் இருக்கும்போது அப்பா சிக்குன்குனியா வந்து படுத்துவிட்டார். முட்டியெல்லாம் வீங்கி, எழுந்து நிற்கவே இரண்டு பேர் வேண்டும். பத்திரிகை வைக்கிற பொறுப்பு என் தலையில் விழுந்தது. விழுந்தது என்ன விழுந்தது, நான்தான் தலையைக் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

அப்பா படுக்கையிலிருந்தபடியே ஒரு நோட்டுப் புத்தகத்தை நீட்டினார். அதில் அறுபத்தொரு வீடுகள். முதலில் சபாபதி மாமா. இரண்டாவது பெரியப்பா. மூன்றாவது ஏகாம்பரம் முதலாளி. இப்படியே யார் எந்த விசேஷத்துக்கு வந்தார்கள், யார் எங்கே கை கொடுத்தார்கள், யாருக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும் என்றெல்லாம் பார்த்துப் பார்த்து அடுக்கியிருந்தார். கடைசியில், பென்சிலில், 'இஸ்திரி, தெருமுனை' என்று ஒரு வரி. பேர்கூட இல்லை. அது எங்கள் தெருவில் இருபது வருஷமாகத் தள்ளுவண்டியில் துணி தேய்க்கும் முனிரத்தினம் அண்ணன்.

"அவுருக்கு வூட்டுக்குப் போவத் தேவையில்ல. வண்டியாண்டயே குடுத்துட்டு வந்துடு. மாமாவுக்கு மட்டும் மொதல்ல தட்டு வெச்சி, கால்ல வுழுந்து கும்புட்டுட்டு அப்பறம் மத்த வேலையப் பாரு" என்றார் அப்பா.

"எல்லாம் நான் பாத்துக்கறேம்பா" என்றேன். உலகத்தில் பாதி நாசம் இந்த வாக்கியத்தில்தான் தொடங்குகிறது.

நோட்டை எடுத்துக்கொண்டு போய் எல்லா வீட்டையும் லேப்டாப்பில் ஏற்றினேன். மேப்பில் அறுபத்தொரு சிவப்புப் புள்ளிகள். பின்னால் நின்று பார்த்த அம்மா, "இன்னாடா இது, ஊருக்கே அம்மை போட்டாப்பல கீது" என்றாள். அப்பாவின் வரிசைப்படி போனால் ஆரணியை ஏழு தடவை குறுக்கே வெட்ட வேண்டும். புதுக்காமூர் போய், கொசப்பாளையம் வந்து, சைதாப்பேட்டை போய் (சென்னை சைதாப்பேட்டை இல்லை, எங்களுக்கென்று சொந்தமாக ஒன்று இருக்கிறது), மறுபடியும் புதுக்காமூர். படித்தவன் செய்கிற வேலையா அது? ஒரு பட்டனைத் தட்டினேன். கம்ப்யூட்டர் ஒரே சுற்றில் அழகாக வழி போட்டுக் கொடுத்தது. எங்கள் வீட்டிலிருந்து முதல் நிறுத்தம் தெருமுனை முனிரத்தினம் அண்ணன். கடைசி நிறுத்தம் சபாபதி மாமா, ஏனென்றால் அவர் வீட்டுக்குப் பக்கத்தில் பெட்ரோல் பங்க் இருந்தது. பத்திரிகையை முடித்துவிட்டு டேங்கை நிரப்பிக்கொண்டு திரும்பிவிடலாம்.

இதோடு விட்டிருந்தால்கூடப் பிழைத்திருப்பேன். கம்பெனியில் ஒவ்வொரு பஸ் பாஸிலும் நிறுத்தத்தின் எண் இருக்கும். அந்தப் பழக்கத்தில், ஒவ்வொரு கவரின் மூலையிலும் சிவப்பு ஸ்கெட்ச் பேனாவால் எண் எழுதி, அதைச் சுற்றி வட்டமும் போட்டேன். ஒன்றிலிருந்து அறுபத்தொன்று வரை.

ஞாயிற்றுக்கிழமை காலை, கழுத்தில் கம்பெனி அடையாள அட்டையை மாட்டிக்கொண்டு பைக்கில் கிளம்பினேன். (லீவு நாளில் எதற்கு என்று யாராவது கேட்டால், அப்படியே உத்தியோகத்தைச் சொல்லலாம் என்று ஆசை. ஒருவரும் கேட்கவில்லை.)

முனிரத்தினம் அண்ணன் இஸ்திரிப் பெட்டியில் கரி போட்டுக்கொண்டிருந்தார். பத்திரிகையை நீட்டியதும் பெட்டியை ஓரமாக வைத்துவிட்டு, குடத்துத் தண்ணீரில் கையைக் கழுவி, துண்டில் துடைத்து, இரண்டு கையாலும் வாங்கினார். மூலையில் இருந்த எண்ணைப் பார்த்தார்.

"தம்பி, மொதல் பத்திரிகை எனக்கா?"

"ஆமாண்ணா. நீங்கதான் ஃபர்ஸ்ட் ஸ்டாப்."

ஸ்டாப் என்றது அவர் காதில் விழவேயில்லை. அவர் முகம் போன போக்கைப் பார்த்து எனக்கே பெருமையாக இருந்தது. காலேஜ் படிக்கும் அவர் மகள் உடனே அதைப் போட்டோ எடுத்து, மூன்று கும்பிடும் கைகளுடன் 'முதல் அழைப்பு எங்களுக்கே' என்று வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போட்டாள். நான் மணிக்கு நாற்பது கிலோமீட்டரில் போய்க்கொண்டிருந்தேன். அது என்னைவிட வேகமாகப் போனது.

முதலாளிக்கு எண் ஏழு. கவரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இன்னா தியாகு இது, மண்டபத்துல ரூம் நம்பரா?"

"இல்லீங்க முதலாளி, ஸ்டாப் நம்பர்."

"ஓ" என்றார். பாராட்டுகிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

இருபதாவது வீட்டுக்கு மேல் ஒரு மாற்றம் தெரிந்தது. கதவைத் திறந்தவர்கள் என் முகத்தைப் பார்ப்பதை விட்டுவிட்டு நேராகக் கவரின் மூலையைப் பார்த்தார்கள். முப்பதாவது வீட்டுக்காரர் "வாப்பா" என்றுகூடச் சொல்லவில்லை. "எனுக்கு எத்தினி?" என்றார். கொசப்பாளையத்தில் ஒரே மதிலை ஒட்டி அண்ணன் தம்பி இரண்டு பேர் வீடு. என் பைக் முதலில் போய் நின்றது தம்பி வாசலில். அதனால் அவருக்கு முப்பத்து மூன்று, அண்ணனுக்கு முப்பத்து நான்கு. அடுத்த மாதம் அந்த மதில் இரண்டடி உயர்ந்தது.

மாமா வீட்டுக்குப் போய்ச் சேரும்போது மணி ஒன்றரை. அத்தை கையால் சாப்பாடு கிடைக்கும் என்ற நினைப்பில் காலையில் இரண்டு இட்லியோடு நிறுத்தியிருந்தேன். தெருவில் திரும்பும்போதே ஏதோ குறைகிற மாதிரி இருந்தது. மாமா வீட்டுத் தறிச் சத்தம் இல்லை. மாமா வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். கையில் போன்.

"வாங்க சார்" என்றார்.

பிறந்ததிலிருந்து என்னை 'டேய்' என்று மட்டுமே கூப்பிட்ட மனிதர்.  தட்டை நீட்டினேன். அவர் தட்டைத் தொடாமல் கவரின் மூலையை மட்டும் பார்த்தார்.

"அறுவத்தொண்ணா? அறுவத்திரண்டு யாரு?"

"யாருமில்ல மாமா."

"ஓகோ. எனுக்கு அப்பறம் ஊர்ல ஆளே இல்ல. தெருவுல நாய் ஒண்ணு கீது, அதுக்குக் குடுத்து வெச்சிருக்கலாமே?"

"மாமா, அது ரூட்டுக்காக... பெட்ரோல் பங்க்..."

"பெட்ரோல் பங்குக்குப் பத்திரிகை வெக்க வந்தவன், போற போக்குல எனக்கும் வெச்சிகினு போறியா?"

பதில் சொல்ல வாயைத் திறந்தேன். அவர் எழுந்து உள்ளே போய், தறியைக் காட்டினார். அரக்குப் புடவையின் மேல் பழைய வேட்டியைப் போர்த்தியிருந்தார்.

"பொடவை தறியிலதான் கீது. நான் தறிக் குழிய வுட்டு ஏறிட்டேன். மொதல் பத்திரிகை யாருக்கு வெச்சியோ, அவுங்களையே முந்தானைய நெய்ஞ்சி குடுக்கச் சொல்லு."

அத்தை தண்ணீர்கூடத் தரவில்லை. வெறும் வயிற்றோடு டேங்கை மட்டும் நிரப்பிக்கொண்டு வீடு திரும்பினேன்.

வீட்டில் நடந்ததைப் பற்றி அதிகம் எழுத விரும்பவில்லை. அம்மா அழுதாள். அக்கா அழவில்லை, அதுதான் பயமாக இருந்தது. "டேய், நான் சுடிதார்லயே தாலி கட்டிக்கட்டுமா?" என்று மட்டும் கேட்டாள். தாய்மாமன் வராமல் எங்கள் பக்கம் கல்யாணம் நடக்காது. புடவையை வேறு எங்காவது வாங்கிவிடலாம், மாமாவை எங்கே வாங்குவது? அப்பா வீங்கிய முட்டியோடு எழுந்து உட்கார்ந்தார்.

"போய் அந்த ஒண்ணாம் நம்பர வாங்கிகினு வா. அதக் கொண்டுபோய் மாமாகிட்ட வெச்சி மன்னிப்புக் கேளு. ஜல்தி."

தெருமுனைக்குப் போனேன். முனிரத்தினம் அண்ணன் அதற்குள் பத்திரிகையைக் கரி படாமல் பிளாஸ்டிக் உறையில் போட்டு, வண்டியின் முன்காலில் எண் வெளியே தெரிகிற மாதிரி கட்டியிருந்தார். துணி கொடுக்க வந்த ஒருவரிடம் அதைத்தான் காட்டிக்கொண்டிருந்தார்.

"வா தம்பி. இருவது வருஷமா இந்தத் தெருவுல தேய்க்கிறேன். எனக்கும் பத்திரிகை வரும், வராம இல்ல. ஆனா பந்தல்ல வாழமரம் கட்டின அப்பறம்தான் வரும். நீதான் படிச்சவன்னு காட்டிட்ட. சொல்லு, இன்னா வந்த?"

 

"சும்மாதாண்ணா. இந்தச் சட்டையத் தேய்க்கக் குடுக்கலாம்னு..." என்று சொல்லி, போட்டிருந்த சட்டையைக் கழற்றி அவர் கையில் கொடுத்துவிட்டு, பனியனோடு வீட்டுக்குத் திரும்பினேன். கழுத்தில் அடையாள அட்டை தொங்கிக்கொண்டிருந்தது. முதல் தடவையாக அன்றைக்குத்தான் தெருவே அதை உற்றுப் பார்த்தது.

சாயங்காலம் வேறு சட்டை போட்டுக்கொண்டு நேராக மாமாவிடம் போனேன். போகிற வழியில் என் வாழ்க்கையின் மிகச் சிறந்த பொய் உருவாகியிருந்தது.

"மாமா, நீங்க நம்பரைத் தப்பாப் புரிஞ்சிகினீங்க. எங்க கம்பெனி பஸ்ல மொதல்ல ஏத்தறது யாரை? அஞ்சு மணிக்கே எழுந்து, தூங்கிகினே ஊரெல்லாம் சுத்தற சாதாரண ஆளுங்களை. கடைசி ஸ்டாப்தான் ஜி.எம். அவர் ஏறினா வண்டி வேற எங்கயும் நிக்காது, நேரா கம்பெனிதான். கடைசி நம்பர்னா எங்க ஆபீஸ்ல அப்படியே எழுந்து நிப்பாங்க."

(எங்கள் ஜி.எம். வாழ்நாளில் கம்பெனி பஸ்ஸில் காலை வைத்ததில்லை. அவருக்கு ஏ.சி. கார்.)

மாமா மீசையை நீவிக்கொண்டார். "அப்ப நான் ஜி.எம்.?"

"நீங்கதான் மாமா."

"ஏகாம்பரம் முதலாளிக்கு எத்தினி?"

"ஏழு."

மாமாவின் மீசைக்குக் கீழே ஒரு சிரிப்பு எட்டிப் பார்த்தது. நான் தெருக்கோடி தாண்டுவதற்குள் பின்னால் தறிச் சத்தம் கேட்டது. அந்தச் சத்தம் என் காதுக்கு அவ்வளவு இனிமையாக அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. அத்தோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று நம்பினேன். மாமாவிடமும் ஸ்டேட்டஸ் போடுகிற போன் ஒன்று இருப்பதை மறந்துவிட்டேன்.

மறுநாள் காலை ஊர் முழுக்க 'கடைசி எண்ணே முதல் மரியாதை. இப்படிக்கு 61' என்று போய்விட்டது. அதுவரை சந்தோஷமாக இருந்த சின்ன எண்காரர்களெல்லாம் கொதித்தார்கள். கொதித்துக்கொண்டிருந்த பெரிய எண்காரர்களெல்லாம் குளிர்ந்தார்கள். முதலாளி அப்பாவுக்குப் போன் போட்டு, "உன் பையன் என்னை அஞ்சு மணிக்கே எழுப்பி பஸ்ல ஏத்திட்டானாமே?" என்று கேட்டார். ஒரே நாளில் ஊர் தலைகீழாகப் புரண்டுவிட்டது. ஆனால் வரிசை வேண்டாம் என்று மட்டும் ஒருவரும் சொல்லவில்லை. வரிசையில் தன் இடம் எது என்பதில்தான் எல்லாருக்கும் பேஜார்.

அன்றைக்கு இஸ்திரி வண்டியைத் தாண்ட முடியாமல் தாண்டினேன். பத்திரிகை இன்னும் அங்கேதான் தொங்கியது. முனிரத்தினம் அண்ணன் கூப்பிட்டார். குரலில் கோபம் இல்லை.

"மாமாவுக்கு அப்படிச் சொல்லி சமாளிச்சிட்ட. செரி, பொண்ணு கல்யாணம், வேற வழியில்ல. எனுக்கு இன்னா சொல்லப் போற?"

"நீங்க ஃபர்ஸ்ட் ஸ்டாப்ணா..."

"அது தெரியும் தம்பி. அது நல்லதா, கெட்டதா? நாலு பேருகிட்டப் பெருமையா சொல்லிட்டேன். இப்பப் போய் அவுங்ககிட்ட இன்னா சொல்றது?"

 பதினொரு கிலோமீட்டர் குறைக்கத் தெரிந்தவனுக்கு அந்த மனிதரின் முகத்தை நிமிர்ந்து பார்க்கத் தெரியவில்லை. மனசு விட்டுச் சொல்கிறேன், அந்த முழுக் கூத்திலும் எனக்கு வெட்கமாக இருந்தது அந்த ஒரு நிமிஷம்தான். மற்றதெல்லாம் வெறும் பயம்.

கல்யாண நாள் வந்தது. முகூர்த்தம் ஏழரையிலிருந்து ஒன்பது. ஏழே முக்காலுக்கு நான் மண்டபத்துக்குள் எட்டிப் பார்த்தேன். மாப்பிள்ளை வீட்டார் ஒரு பக்கம் நிறைந்து உட்கார்ந்திருந்தார்கள். எங்கள் பக்கம் முந்நூறு நாற்காலியும் காலி. மேடையில் ஐயர் என்னைப் பார்த்தார். நான் ஐயரைப் பார்த்தேன். நாதஸ்வரக்காரர் எங்கள் இரண்டு பேரையும் பார்த்தார்.

வெளியே ஓடினேன். மண்டபத்துக்கு எதிரே டீக்கடை. அங்கே இருந்தார்கள், ஒன்றிலிருந்து அறுபத்தொன்று வரை அத்தனை பேரும், முனிரத்தினம் அண்ணன் ஒருவரைத் தவிர. பட்டுப் புடவையும் பட்டு வேட்டியுமாக, சாலையோரத்தில், கையில் டீயோடு. கடைசியில் போகிறவர்தானே பெரியவர்? அதனால் மற்றவர்கள் முதலில் உள்ளே போகட்டும் என்று ஒவ்வொருவரும் காத்திருந்தார்கள். முதலாளி காருக்குள் கண்ணாடியை ஏற்றிவிட்டு உட்கார்ந்திருந்தார். சபாபதி மாமா நான்காவது டீயில் இருந்தார். அவர் அக்குளில் மஞ்சள் பை. பைக்குள் முகூர்த்தப் புடவை.

"மாமா, நேரமாவுது!"

"ஜி.எம். மொதல்ல ஏறலாமாடா?" என்றார், என் பாடத்தை எனக்கே திருப்பி.

அப்போது முனிரத்தினம் அண்ணன் வந்தார். கத்தி மாதிரி மடிப்பு வைத்த வெள்ளைச் சட்டை, பக்கத்தில் மனைவி, கையில் மாப்பிள்ளைக்குத் தேய்த்த வேட்டி. டீக்கடைக் கூட்டத்தை ஒரு பார்வை பார்த்தார்.

"இன்னாங்க, அல்லாரும் இங்கியே நின்னுகினு கீறீங்க? முன்னால சோபா காலியா கீதாமே. நான்தானே ஒண்ணாம் நம்பர், நான் போய்க் குந்திக்கிறேன்."

சொன்னபடியே போய், முதல் வரிசையில், பெரிய மனிதர்களுக்கென்று போட்டிருந்த சிவப்பு வெல்வெட் சோபாவில் மனைவியோடு உட்கார்ந்தார். திறந்த வாசல் வழியாக அது தெருவுக்கே தெரிந்தது. மூன்று பேர் உட்காரும் சோபா. ஒரு இடம்தான் பாக்கி.

அவ்வளவுதான். டீ கிளாஸ்கள் விழும் சத்தம் கேட்டது. மாமாவின் தத்துவம் காற்றில் பறக்க, மொத்தக் கூட்டமும் வாசலுக்குப் பாய்ந்தது. ஆனால் வாசலில் மாமாவும் முதலாளியும் ஒரே நேரத்தில் வந்து சேர்ந்துவிட்டார்கள். இரண்டு பேருக்கும் தத்துவம் சட்டென்று ஞாபகம் வந்துவிட்டது.

"நீங்க போங்க முதலாளி."

"சேச்சே, தாய்மாமன் நீங்க. நீங்க மொதல்ல போங்க."

"அதெப்படி, நீங்க ஏழாம் நம்பர், நீங்கதான் மொதல்ல."

பின்னால் ஐம்பது பேர் முட்டிக்கொண்டு நின்றார்கள். மணி எட்டு இருபது. அப்போது உள்ளேயிருந்து தலை நிறையப் பூவும் சாதாரணச் சேலையுமாக அக்கா வந்தாள். கல்யாணப் பெண் வாசலுக்கு வரக் கூடாது என்று யாரோ கத்தினார்கள். அவள் நேராக மாமா முன்னால் வந்து நின்று கையை நீட்டினாள்.

"மாமா, நீ கடைசியாவே வா. பொடவைய மட்டும் மொதல்ல அனுப்பு."

மஞ்சள் பையைப் பிடுங்கிக்கொண்டு போய்விட்டாள். மாமா ஒரு கணம் வெறும் கையைப் பார்த்தார். பிறகு, "ஐயோ, எம் பொண்ணு!" என்று அவள் பின்னால் ஓடினார். அவருக்கு முன்னால் யார், பின்னால் யார் என்று பார்க்கவே இல்லை. எட்டு ஐம்பத்திரண்டுக்குத் தாலி ஏறியது. அரக்குப் புடவையில் ஜரிகை முந்தானை ஜொலித்தது. மாமா மேடையில் நின்று குழந்தை மாதிரி அழுதார்.

முதலாளிக்கு முன் வரிசையில் உட்கார இடம் கிடைக்கவில்லை. முனிரத்தினம் அண்ணன் சோபாவில் கொஞ்சம் நகர்ந்து, "குந்துங்க முதலாளி" என்றார். முதலாளி சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு உட்கார்ந்தார். முதல் பந்திக்குக் கூப்பிடும் வரை இரண்டு பேரும் பேசிக்கொண்டிருந்தார்கள். பட்டு வேட்டியில் விழுந்த டீக்கறையை எப்படி எடுப்பது என்பதுதான் விஷயம் என்று பிறகு தெரிந்தது.

இதெல்லாம் நடந்து ஒன்பது வருஷமாகிவிட்டது. இன்றைக்கும் எங்கள் சொந்தத்தில் எந்தப் பந்தியானாலும் எனக்குக் கடைசியில்தான் இலை போடுவார்கள். "ஜி.எம்.முக்கு இப்ப வேணாம், அவரு லாஸ்ட் ஸ்டாப்" என்று மாமாவே முன்னால் நின்று தடுப்பார். எனக்கு வரும்போது பாயசத்தில் முந்திரி இருந்ததாகச் சரித்திரம் இல்லை.

முனிரத்தினம் அண்ணனின் வண்டி போய் இப்போது கடையாகிவிட்டது. சுவரில் சாமி படத்துக்குப் பக்கத்தில் அந்தப் பத்திரிகை, சிவப்பு வட்டத்துக்குள் ஒன்று. போன வாரம் காலை அவசரமாகப் போய், போட்டிருந்த சட்டை கசங்கிவிட்டது என்று கழற்றிக் கொடுத்தேன். எனக்குப் பிறகு வந்த நாலு பேரின் துணியைத் தேய்த்துக் கொடுத்துவிட்டார். கம்பெனி பஸ் தெருமுனையில் நின்று ஹாரன் அடிக்கிறது.

"அண்ணா, பஸ் வந்திடுச்சி. என்னுத மொதல்ல குடுங்கண்ணா."

அவர் நிமிர்ந்தே பார்க்கவில்லை. ஐந்தாவது ஆளின் துணியை எடுத்து மேஜையில் விரித்தார்.

"இன்னா தம்பி அவசரம்? நீ சொன்னதுதானே. ஜி.எம். கடைசியிலதான்."

நான் பனியனோடு நின்றுகொண்டிருந்தேன்.